மாடிக்காரியின் கால்சத்தம்

பாப்பாவின் உயரம் ஆறடி ஒரு அங்குலம். வீட்டில் கடைக்குட்டி என்பதால் தொட்டிலில் இருக்கும்போது வைத்த செல்லப்பெயர் அது. அப்படியே ஒட்டிக்கொண்டுவிட்டது. முப்பத்தெட்டு வயதிலும் அவளுடைய அம்மா மூன்றாம் மாடி சன்னலிலிருந்து எட்டிப் பார்த்து, "பாப்பா, குடையை மறந்துட்டுப் போறே" என்று கூப்பிடும்போது, தெருவில் போகிறவர்கள் ஒரு சின்னக் குழந்தையைத் தேடி இடுப்பளவில் பார்ப்பார்கள். பிறகு அந்தப் பார்வை மெல்ல மேலே ஏறும். ஏறிக்கொண்டே போகும்.

அந்தப் பார்வைக்குக் கூச்சப்பட்டே அவள் கூன் போடப் பழகியிருந்தாள். பள்ளிக்கூடத்தில் குழுப்படம் எடுக்கிறபோது பின்வரிசையில் முழங்காலை மடக்கி நிற்பாள். பேசுகிறவர் குள்ளமாக இருந்தால் பக்கத்தில் இருக்கிற நாற்காலியில் உட்கார்ந்துகொள்வாள். சம்பந்தம் பேச மூன்று பேர் வந்தார்கள். மூன்று தடவையும் தரகர் முன்கூட்டியே வந்து, பெண் உட்கார்ந்தே இருக்கட்டும், எக்காரணம் கொண்டும் எழுந்திருக்க வேண்டாம் என்று அம்மாவிடம் சொல்லிவிட்டுப் போனார். மூன்றாவது ஆள் நல்லவராகத்தான் தெரிந்தார். அவர் கையிலிருந்த தண்ணீர் டம்ளர் தவறி விழ, பாப்பா பதறி எழுந்துவிட்டாள். அத்தோடு அந்தப் பேச்சு முடிந்தது.

வேலை நகர நூலகத்தில். உச்சி அடுக்கிலிருந்து புத்தகம் எடுக்க ஏணி தேவைப்படாத ஒரே ஊழியர் அவள்தான். பதினாறு வருடமாக அங்கே இருந்தும் அவள் குரலை உரக்கக் கேட்டவர் யாரும் இல்லை. நடையும் அப்படித்தான். அவர்கள் வீட்டுக்கு நேர் கீழே குடியிருந்த மனிதர் ஒரு சிடுமூஞ்சி. மேலே யாராவது சற்று அழுத்தி நடந்தால் துடைப்பக் கட்டையால் கூரையை இடிப்பார். அதனால் அவள் சின்ன வயதிலிருந்தே பூனை மாதிரி நடந்து பழகியவள்.

ஒருநாள் சாயங்காலம், நூலகம் மூட இன்னும் பத்து நிமிடம் இருக்கும்போது, பழைய கட்டடங்கள் பற்றிய அடுக்குக்குக் கீழே ஒரு பெண்மணி தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து வீட்டு வரைபடங்களைப் புரட்டிக்கொண்டிருந்தார். பாப்பா சத்தமில்லாமல் அவருக்குப் பின்னால் போய் நின்று, குனிந்து, காதருகே மெதுவாக, "நேரமாச்சுங்க, மூடப் போறோம்" என்றாள்.

அந்தப் பெண்மணி அண்ணாந்து பார்த்தார். தலைக்கு மேலே, எங்கோ உயரத்திலிருந்து, ஒரு முகம் தலைகீழாக இறங்கி வந்துகொண்டிருந்தது. அவர் போட்ட கூச்சலில் பத்திரிகைப் பிரிவில் தூங்கிக்கொண்டிருந்த இரண்டு பேர் எழுந்து வெளியே ஓடினார்கள். பாப்பாவுக்கு அழுகையே வந்துவிட்டது. தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள், விசிறிவிட்டாள், மன்னிப்புக் கேட்டாள். அந்தப் பெண்மணியோ தண்ணீரை மடமடவென்று குடித்துவிட்டு, மூச்சு வாங்கியபடியே, முகமெல்லாம் மலர அவளையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இதே மாதிரி இன்னொரு தடவை பண்ண முடியுமா?" என்று கேட்டார்.

அவர் ஒரு தொலைக்காட்சி இயக்குநர். 'பதினான்காம் படி' என்று ஒரு பேய்த் தொடர் எடுக்கப் போகிறார். ஒரு பழைய வீடு. அதன் மாடிப்படியில் பகலில் எண்ணினால் பதின்மூன்று படி, இருட்டிய பிறகு எண்ணினால் பதினான்கு. அந்தப் பதினான்காவது படியில் ஒரு பெண் நிற்பாள். நாற்பது வருடத்துக்கு முன்னால் மாடியில் வாடகைக்குக் குடிவந்து, செத்த பிறகும் காலி பண்ணாதவள். அந்த வேஷத்துக்கு இருபத்தேழு நடிகைகளைப் பார்த்தாகிவிட்டதாம். எல்லாரும் பல்லைக் கடிக்கிறார்கள், கண்ணை உருட்டுகிறார்கள், ஒருத்தரைப் பார்த்தும் தனக்குப் பயம் வரவில்லை என்றார். வசனம் கிடையாது, நின்றால் போதும், நடந்தால் போதும்.

பாப்பா தனக்கு நடிப்பெல்லாம் வராது என்று மறுத்தாள். வீட்டுக்கு வந்து வேடிக்கையாகச் சொன்னாள். அம்மாவுக்கு வேடிக்கையாக இல்லை. ஏற்கெனவே வரன் அமையாமல் நிற்கிறது, இதில் பேயாக வேறு நடித்தால் எவன் துணிந்து வருவான் என்பது அவர் கவலை. அன்றைக்கு ராத்திரி முழுக்க அதையே சொல்லிச் சொல்லி மாய்ந்துபோனார். ஒருவேளை அம்மா கொஞ்சம் குறைவாகச் சொல்லியிருந்தால் பாப்பா அந்தப் பக்கமே போயிருக்க மாட்டாள். மறுநாள் காலையில் நூலகத்துத் தொலைபேசியிலிருந்து இயக்குநரைக் கூப்பிட்டு, வருகிறேன் என்றாள்.

படப்பிடிப்பு நடந்தது ஒரு பழைய பிஸ்கட் தொழிற்சாலையின் கிடங்கில். சுவரெல்லாம் இன்னும் வெண்ணெய் வாசனை. நடுவில் மரத்தில் ஒரு மாடிப்படி கட்டியிருந்தார்கள். அது எங்கேயும் போகாது, மேலே ஏறினால் ஒரு பலகையும் இரண்டு மணல் மூட்டையும்தான். பதினான்காவது படி, அடியில் சக்கரம் வைத்த ஒரு பெட்டி. இரண்டு தச்சர்கள் அதைத் தள்ளிக்கொண்டுவந்து முட்டுக்கொடுப்பார்கள். சன்னல்களுக்கெல்லாம் கறுப்புத் துணி. வெளியே பட்டப்பகல், உள்ளே நடுநிசி. மதியச் சாப்பாட்டுக்கு வெளியே வந்தால் கண் கூசும்.

முதல் நாள் பாப்பா படியில் நின்றாள். வழக்கம்போலத் தோளை ஒடுக்கி, தலையைத் தாழ்த்தி. இயக்குநர் கீழேயிருந்து கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு ஏறி வந்தார்.

"இவ்வளவுதானா உங்க உயரம்?"

"இல்லைங்க, கொஞ்சம் குனிஞ்சிருக்கேன்."

"எதுக்குக் குனியறீங்க? எனக்கு மொத்த உயரமும் வேணும். ஒரு அங்குலம்கூட விடாதீங்க."

பிறந்ததிலிருந்து யாரும் அவளிடம் அப்படிக் கேட்டதில்லை. பாப்பா மூச்சை இழுத்து நிமிர்ந்தாள். முதுகில் எலும்புகள் ஒவ்வொன்றாகச் சொடுக்கின. தோள் விரிந்தது, கழுத்து நீண்டது. கீழே விளக்கைப் பிடித்துக்கொண்டிருந்தவர் தன்னையறியாமல் இரண்டடி பின்னால் போனார். 'எவ்வளவு காற்று இருக்கிறது இங்கே மேலே' என்றுதான் பாப்பாவுக்குத் தோன்றியது.

நின்றால் பயங்கரம், ஆனால் நடிப்பு முடிந்த அடுத்த நொடி அவள் பழைய பாப்பாதான். கதையில் அந்த வீட்டை வாங்கிக் குடிவந்த வீட்டுக்காரராக நடித்தவர் முப்பது வருடம் மேடையில் கர்ஜித்தவர், மலை மாதிரி உடம்பு. மூன்றாவது பகுதியில் அவர் படிக்கட்டில் அவளைப் பார்த்து உருண்டு விழ வேண்டும். மெத்தை போட்டிருந்தார்கள், அவர் மெத்தையைத் தவறவிட்டுத் தரையில் விழுந்தார். கேமரா ஓடிக்கொண்டிருக்கிறது. பேய் விறுவிறுவென்று இறங்கி ஓடிவந்து, "ஐயோ, அடி பட்டுருச்சா? எங்க, கையைக் காட்டுங்க" என்று அவர் முழங்கையை ஊத ஆரம்பித்துவிட்டது. அவருக்கு வலியைவிட, அந்த வெள்ளை முகம் அன்பாகக் கிட்டே வந்ததுதான் தாங்கவில்லை. அரைமணி நேரம் பேயறைந்த மாதிரி உட்கார்ந்திருந்தார். அந்தத் துண்டுப்படத்தைப் போட்டுப் போட்டுப் பார்த்து மொத்தக் கிடங்கும் ஒரு வாரம் சிரித்தது.

முதல் சீசன் வெள்ளிக்கிழமைகளில் ஏழரை மணிக்கு ஒளிபரப்பானது. ஆரம்பத்தில் சீந்துவாரில்லை. ஐந்தாவது பகுதி வந்தபோது, இத்தோடு மூட்டை கட்டிவிடுவார்கள் என்று கிடங்கில் பேச்சு அடிபட்டது. பாப்பாவின் வீட்டில் மட்டும் ஒரு வாரம்கூடத் தவறவில்லை. பேயென்றால் அம்மாவுக்குக் குலை நடுங்கும். இருந்தாலும் பெண் வருகிறாளே என்று பார்க்காமலிருக்கவும் முடியாது. தலையணையை முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டு ஓரமாக எட்டிப் பார்ப்பார். திரையில் பதினான்காவது படி தெரிந்ததும், பயத்தில் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் பாப்பாவின் கையையே இறுக்கிப் பிடித்துக்கொள்வார்.

"அம்மா, அது நான்தான்."

"தெரியும்டி. நீ பேசாம கையைக் குடு."

எட்டாவது பகுதிதான் எல்லாவற்றையும் மாற்றியது. அதில் மாடிக்காரி முதன்முறையாகப் படியிறங்கி வருகிறாள். நான்கு நிமிடம். இசை கிடையாது, வசனம் கிடையாது. இருட்டு, அதற்குள் கால்சத்தம் மட்டும். டொக். ஒரு இடைவெளி. டொக். அந்த இடைவெளியில்தான் ஊரே மூச்சை நிறுத்தியது. மறுநாள் பேருந்திலும் கடையிலும் அதே பேச்சு. பள்ளிப் பிள்ளைகள் மரப்பெட்டி மேல் குதிகாலைத் தட்டி ஒருவரையொருவர் அலறவிட்டார்கள். "மாடிக்காரி" என்ற பெயரை வைத்தது சனங்கள்தான். கதையில் அவளுக்குப் பெயரே கிடையாது. இரண்டே வாரத்தில் அடுத்த சீசனுக்கும் அனுமதி வந்துவிட்டது.

எல்லாரும் தலைகால் புரியாமல் கொண்டாடும்போது பாப்பாவின் முகம் மட்டும் வாடியிருந்தது. கிடங்கில் அவள் வெறுங்காலோடுதான் இறங்கினாள், ஒரு பலகைகூட முனகவில்லை. திரையில் கேட்டதோ யானை நடந்த மாதிரி. இத்தனை வருடம் அடிமேல் அடி வைத்து நடந்ததெல்லாம் எதற்காக என்று அவளுக்கு மனசு ஆறவில்லை. கீழ்வீட்டு மனிதர் வேறு படிக்கட்டில் பார்த்து, "இப்ப புரியுதா, நான் ஏன் துடைப்பத்தை எடுக்கறேன்னு?" என்று கேட்டுவிட்டார்.

சண்டை போட்டுப் பழக்கமில்லாதவள், சண்டை போடுவது என்று முடிவு செய்தாள். கால்சத்தம் எங்கே செய்கிறார்கள் என்று இயக்குநரிடம் விசாரித்தாள். நகரத்தின் மறுகோடியில், ஒரு அச்சகத்துக்கு அடியில், ஒரு கீழ்த்தள அறை. அங்கே ஒருத்தர் தனியாக உட்கார்ந்து படத்துக்கு வேண்டிய சத்தங்களையெல்லாம் கையாலும் காலாலும் உண்டாக்குகிறார். எல்லாரும் அவரைச் சத்தக்காரர் என்றுதான் கூப்பிடுவார்கள். படப்பிடிப்புப் பக்கம் அவர் வந்ததே இல்லை.

ஒரு சனிக்கிழமை காலை பாப்பா போனாள். சொல்ல வேண்டியதை வழியெல்லாம் ஒத்திகை பார்த்தாள். நடைபாதையின் முடிவில் கதவு பாதி திறந்திருந்தது. உள்ளே, வாசலுக்கு முதுகைக் காட்டி, ஒருவர் தரையில் உட்கார்ந்து ஒரு தட்டில் ஈர மணலைப் பிசைந்துகொண்டிருந்தார். அவள் வாசலுக்கு வரவே இல்லை, இன்னும் நான்கடி இருந்தது.

"வாங்க மாடிக்காரி," என்றார் அவர், திரும்பாமலே.

பாப்பாவுக்கு ஒத்திகை பார்த்தது அத்தனையும் மறந்துபோனது. அவர் எழுந்து திரும்பினார். நாற்பது வயதிருக்கும். அவள் தோளுக்குக் கொஞ்சம் கீழேதான் இருந்தார். அண்ணாந்து பார்த்தார், ஆனால் அந்தப் பார்வை ஏறி ஏறிப் போகவில்லை. நேராக முகத்துக்கு வந்து அங்கேயே நின்றது.

அறையைச் சுற்றிப் பலகைகள், ஓட்டுத்துண்டுகள், சரளைக்கல் தட்டுகள். சுவரில் ஆணியடித்து நூறு சோடிக்கு மேல் செருப்பும் பூட்சும். நடுவில் ஒரு மரப்பலகை. அதன்மேல் பெரிய அளவில் ஒரு சோடி தோல் செருப்பு, உள்ளே பழந்துணி அடைத்து. அதுதான் மாடிக்காரியின் கால் என்று அவர் சொல்லாமலே தெரிந்தது.

"நான் இவ்வளவு கனமாவா நடக்கறேன்?" என்றாள் பாப்பா. சண்டை போட வந்த குரல், கெஞ்சுகிற குரலாக வந்தது.

அவர் சிரிக்கவில்லை. ஒரு முக்காலியை இழுத்துப் போட்டு உட்காரச் சொன்னார். அவள் படியிறங்குகிற அந்த நான்கு நிமிடத்தைப் பதினொரு நாள் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்ததாகச் சொன்னார். எத்தனையோ நடிகர்களுக்கு நடந்திருக்கிறார். குடிகாரன் நடை, போலீஸ் நடை, பொய் சொல்லிவிட்டு வருகிறவன் நடை எல்லாம் அவருக்கு அத்துப்படி. இது மட்டும் பிடிபடவே இல்லையாம்.

"அப்புறம்தான் கவனிச்சேன். இடது காலை வைக்கிறதுக்கு முன்னாடி ஒரு நொடி நிறுத்தறீங்க. யாருக்கும் தொந்தரவா இருந்துடக் கூடாதுங்கிற மாதிரி. அந்தத் தயக்கம்தாங்க ஊரையே நடுங்க வச்சது. சத்தம் என்னுது. பயம் மொத்தமும் உங்களுது."

தன் நடையை இன்னொருத்தர் பதினொரு நாள் பார்த்திருக்கிறார் என்பதில் கோபப்படுவதா வெட்கப்படுவதா என்று பாப்பாவுக்குத் தெரியவில்லை. கடைசியில், கொஞ்சம் மெதுவாகச் செய்ய முடியுமா என்று மட்டும் கேட்டாள். வேண்டுமானால் நீங்களே செய்து பாருங்கள் என்று அவர் பலகையை அவள் பக்கம் தள்ளினார்.

அப்படித்தான் இரண்டாம் சீசனில் சனிக்கிழமைகள் ஆரம்பித்தன. நூலகத்துக்கு அரைநாள் விடுப்பு போட்டுவிட்டு வந்துவிடுவாள். முதல் இரண்டு பகுதிகளுக்குத் தன் கால்சத்தத்தைத் தானே செய்தாள். சத்தக்காரர் ஒலிவாங்கியைப் பிடித்துக்கொண்டு மண்டியிட்டிருப்பார். இயக்குநருக்கு அனுப்பினார்கள். இயக்குநர் கேட்டுவிட்டுக் கூப்பிட்டார். எல்லாம் நல்லாயிருக்கு, ஆனா நடக்கிறது யாரோ வேற ஆள் மாதிரி இருக்கே, மாடிக்காரி எங்கே போனா என்று கேட்டார். இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். பாப்பாவுக்குச் சிரிப்பு வந்தது. உள்ளே அடக்கி அடக்கிப் பழகிய சிரிப்பு அது, அன்றைக்கு அடங்கவில்லை. முக்காலியிலிருந்து சரிந்து, மணல் தட்டில் உட்கார்ந்து, கண்ணில் நீர் வரச் சிரித்தாள். மேலே அச்சகத்தில் இயந்திரத்தை நிறுத்திவிட்டு ஒருவர் வந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போனார்.

மாடிக்காரியாக நடக்கத் தன்னால் முடியாது, அவரால்தான் முடியும் என்று ஆகிவிட்டபின், அவள் அங்கே வர வேண்டிய காரணமே இல்லை. ஆனாலும் வந்தாள். காகிதம் கசக்கித் தீ எரிகிற சத்தம் செய்வாள். பழைய கையுறையை உதறி வௌவால் பறக்கவைப்பாள். நனைந்த துணியைப் பிழிந்து ஏதோ ஒரு கழுத்தை நெரிப்பாள். நடுவில் தேநீர் வரும். இரண்டு பேரும் கறுப்புத் திரைக்கு முன்னால் உட்கார்ந்து ரொட்டி தின்பார்கள். பேச்சுக்கு நடுவே அவர் சட்டென்று விரலைத் தூக்கி, "இதைக் கேளுங்க" என்பார். குழாய் சொட்டுவது, மேலே காகிதம் மடிவது, யாரோ சாவியைத் தேடுவது. இந்த உலகத்தில் இத்தனை சத்தம் இருக்கிறது, அத்தனைக்கும் இடம் இருக்கிறது என்று அவளுக்கு முப்பத்தொன்பதாவது வயதில்தான் தெரிந்தது.

இரண்டாம் சீசன் முடிகிற சமயத்தில் இயக்குநர் அவளைத் தனியாக அழைத்தார். முகத்தில் ஈயாடவில்லை. அலைவரிசைக்காரர்கள் மாடிக்காரி கதையை இத்தோடு முடிக்கச் சொல்கிறார்களாம். ஒரே பேயை வைத்து எத்தனை நாள் ஓட்டுவது, மூன்றாம் சீசனுக்குப் புதுப் பேய் வேண்டும் என்கிறார்களாம். கடைசிப் பகுதியில் வீட்டுக்காரர் படிக்குக் கீழே நின்று அவளை வெளியே போகச் சொல்வார். அவள் அவரைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, திரும்பி ஏறி மறைந்துவிட வேண்டும். பாப்பா தலையாட்டினாள். பரவாயில்லைங்க என்று அவள்தான் இயக்குநரைத் தேற்றினாள். சத்தக்காரரிடமும் சொன்னாள். அவர் கையிலிருந்த செருப்பின் தூசியைத் துடைத்துக்கொண்டே இருந்தார். கடைசி நாள் படப்பிடிப்புக்குத் தானும் வருவதாக மட்டும் சொன்னார்.

அந்த நாளும் வந்தது. தச்சர்கள் பதினான்காவது படியைத் தள்ளிக்கொண்டுவந்தார்கள். பாப்பா ஏறி நின்று நிமிர்ந்தாள். இப்போதெல்லாம் யாரும் சொல்ல வேண்டியதில்லை. கீழே, கேமராவுக்குப் பின்னால், காதில் ஒலிக்கருவியை மாட்டிக்கொண்டு சத்தக்காரர் ஒரு பெட்டி மேல் உட்கார்ந்திருந்தார்.

வீட்டுக்காரருக்கு ஒன்றரைப் பக்க வசனம். முப்பது வருட மேடை அனுபவத்தையும் கொட்டினார் மனிதர். இந்த வீட்டை வாங்க எப்படிப் பாடுபட்டேன், என் பெண்டாட்டி பிள்ளைகள் எப்படித் தூக்கம் கெட்டார்கள் என்று உருகி, குமுறி, கடைசியில் கையை நீட்டி இடி முழங்குகிற மாதிரி, "இது என் வீடு. வெளியே போ" என்றார்.

கிடங்கே கிடுகிடுத்தது. அவள் இப்போது திரும்பி ஏற வேண்டும். பாப்பா அவரைப் பார்த்தாள். அந்த உயரத்திலிருந்து எல்லாம் தெரிந்தது: வெண்ணெய் வாசனைக் கிடங்கு, விளக்குப் பிடித்திருப்பவர், தச்சர்கள், பெட்டிமேல் உட்கார்ந்திருப்பவர். போக வேண்டும் என்று அவளுக்குத் தெரியும். ஏன் போக வேண்டும் என்றுதான் சத்தியமாகப் புரியவில்லை. அது வாயில் வந்துவிட்டது.

"எதுக்கு?" என்றாள்.

கத்தவில்லை, மிரட்டவில்லை. நூலகத்தில் புத்தகத்தைத் தாமதமாகத் திருப்பிக் கொடுப்பவரிடம் கேட்கிற அதே அமைதியான குரல். இரண்டு சீசனில் மாடிக்காரி பேசிய முதல் வார்த்தை.

வீட்டுக்காரரின் நீட்டிய கை அப்படியே நின்றது. வசனத்தில் இதற்குப் பதில் இல்லை. இயக்குநரைப் பார்க்கலாம், பார்க்கவில்லை. அவரும் பெரிய நடிகர்தான். மெல்லக் கையை இறக்கினார். முகத்தில் இருந்த கோபமெல்லாம் வடிந்து, வெறும் களைத்த மனிதனாக நின்றார்.

"தெரியல," என்றார். பிறகு முதல் படியில் அவளுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்துகொண்டார்.

கேமரா ஓடியது. யாரும் அசையவில்லை. பாப்பா என்ன செய்வதென்று யோசித்தாள். அப்புறம் ஒவ்வொரு படியாக இறங்கி வந்து, அவருக்கு இரண்டு படி மேலே, அவளும் உட்கார்ந்துகொண்டாள். அப்படியே ஒரு நிமிடம். அதற்குப் பிறகுதான் இயக்குநரின் குரல் வந்தது. நிறுத்து என்று சொல்ல வந்த குரல், பாதியில் சிரிப்பாக உடைந்துவிட்டது. பாப்பா உடனே எழுந்து எல்லாரிடமும் மன்னிப்புக் கேட்க ஆரம்பித்தாள். யாருக்கும் கேட்கவில்லை. தச்சர்கள் கைதட்டிக்கொண்டிருந்தார்கள்.

இயக்குநர் அந்தக் காட்சியை ஒரு நொடிகூட வெட்டாமல் எடுத்துக்கொண்டுபோய் அலைவரிசைக்காரர்களிடம் போட்டுக் காட்டினார். அது ஒளிபரப்பான வாரத்தில் வந்த கடிதங்களை வைக்க இடமில்லாமல் பிஸ்கட் டின்களில் போட்டு வைத்தார்கள். முக்கால்வாசிக் கடிதத்தில் ஒரே கேள்வி: எதுக்கு அவ போகணும்? புதுப் பேய் வேண்டும் என்று சொன்ன ஆளே மூன்றாம் சீசன் ஒப்பந்தத்தில் பாப்பாவின் பெயரை முதலில் எழுதினார். வீட்டுக்காரரும் மாடிக்காரியும் ஒரே வீட்டில் எப்படிக் குடித்தனம் நடத்துகிறார்கள் என்பதுதான் அதற்குப் பிறகு கதை. பதினொரு சீசன் ஓடியது.

அந்த ஒற்றைச் சொல்லை ஒலிக்கருவியில் முதலில் கேட்டவர் சத்தக்காரர். அடுத்த சனிக்கிழமை அதைத் தனியாக எடுத்து அவளுக்குப் போட்டுக் காட்டினார். பாப்பா காதைப் பொத்திக்கொண்டாள். அவர் கருவியை அணைத்தார்.

"இந்தக் குரலைத் தினமும் கேட்டுட்டு இருக்கணும்னு தோணுது," என்றார். "என்னைக் கல்யாணம் பண்ணிக்கிறீங்களா? இதுக்கும் எதுக்குன்னு கேட்டீங்கன்னா, எங்கிட்டயும் பதில் இல்ல."

அவள் கேட்கவில்லை. சரி என்றாள், சற்று உரக்கவே சொல்லிவிட்டாள்.

அம்மா முதலில் சந்தோஷத்தில் அழுதார். நேரில் பார்த்ததும் திகைத்தார். மாப்பிள்ளை டீ குடித்துவிட்டுப் போகிறவரை ஒன்றும் சொல்லவில்லை. கதவைச் சாத்தியதும், பக்கத்தில் நின்றால் உன் தோளுக்குக்கூட வரமாட்டாரே என்று மெல்ல ஆரம்பித்தார். பாப்பா அம்மாவைத் தோளோடு அணைத்துக்கொண்டு, அவருக்கு அண்ணாந்து பார்க்கிறதில் ஒன்றும் கஷ்டம் இல்லையாம், கேட்டுவிட்டேன் என்றாள். அம்மா யோசித்துப் பார்த்தார். பேயென்று தெரிந்தே கட்டிக்கொள்ள வருகிறவன் தைரியசாலிதான் என்று தன்னைத் தேற்றிக்கொண்டு, அன்றைக்கே அக்கம்பக்கம் முழுக்கச் சொல்லிவிட்டு வந்தார். பதிவு அலுவலகத்தில் கையெழுத்துப் போட்டார்கள். வீட்டுக்காரராக நடித்தவர்தான் சாட்சி. அங்கிருந்த எழுத்தர் பாப்பாவைப் பார்த்ததும் பேனாவைக் கீழே போட்டவர், கடைசிவரை அதை எடுக்கக் குனியவே இல்லை.

மூன்றாம் சீசன் தொடங்கிய வாரம் அம்மா முதன்முறையாகப் படப்பிடிப்பைப் பார்க்க வந்தார். வரும்போதே தலையணை ஒன்றைக் கையோடு கொண்டுவந்திருந்தார். விளக்கு வெளிச்சத்தில் மரப்படியையும் சக்கரப் பெட்டியையும் மணல் மூட்டையையும் பார்த்ததும் அவருக்குப் பயம் தெளிந்துவிட்டது. மருமகன் போட்டுக்கொடுத்த நாற்காலியில் இயக்குநருக்குப் பக்கத்தில் உட்கார்ந்து இரண்டு காட்சி பார்த்தார். சாப்பாட்டு வேளையில் எல்லாரும் ரொட்டியும் முட்டையுமாகச் சுற்றி உட்கார்ந்திருக்கும்போது, இயக்குநரைப் பார்த்துக் கேட்டார்.

"ஒண்ணு கேக்கலாமாம்மா? நாப்பது வருஷமா இவ அந்தப் படியில நிக்கறா. இவளுக்கு ஒரு அம்மா இருந்திருக்க மாட்டாளா? பொண்ணு எங்கேன்னு தேடி வர மாட்டாளா?"

இயக்குநர் வாயருகே கொண்டுபோன ரொட்டியை அப்படியே தட்டில் வைத்தார். பையைத் துழாவிக் குறிப்பேட்டை எடுத்தார். வீட்டுக்காரர் மெல்வதை நிறுத்தினார். சத்தக்காரர் மாமியாரின் கால்செருப்பையே உற்றுப் பார்க்க ஆரம்பித்தார்.

"தேடி வந்தா, முதல்ல என்ன கேப்பாங்க?" என்று இயக்குநர் கேட்டார்.

"வேற என்ன கேப்பா, சாப்பிட்டியான்னுதான் கேப்பா," என்றார் அம்மா. பிறகு பாப்பாவின் தட்டில் இன்னொரு முட்டையை வைத்துக்கொண்டே, "ஆனா அந்த வேஷத்துக்கு நல்ல ஆளாப் பாத்துப் போடுங்க. பயந்தாங்கொள்ளி எவளையாவது போட்டுடாதீங்க" என்றார்.

எல்லாரும் அவரையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். இயக்குநர் எழுதிக்கொண்டே இருந்தார்.